ஒரு வசனம், ஐந்து கிதாபுகள்: தஃப்சீர் படிக்கத் தொடங்குபவர்களுக்கு

தஃப்சீர், அதாவது குர்ஆன் விரிவுரை, படிக்க ஆசைப்படுகிறவர்கள் பெரும்பாலும் ஏதாவது ஒரு நூலின் முதல் பாகத்தை எடுத்து, குர்ஆனின் முதல் சூராவான (அத்தியாயமான) அல்ஃபாத்திஹாவிலிருந்து வரிசையாகப் போகப் பார்க்கிறார்கள். அப்படிப் போனால் நடுவழியில் நின்றுவிடுவதற்கே வாய்ப்பு அதிகம். இமாம் ராஸீயின் பெரிய தஃப்சீரில் ஃபாத்திஹாவின் ஏழு வசனங்களைத் தாண்டவே ஒரு பாகம் ஆகிவிடும். அந்த ஒரு சூராவிலிருந்து பத்தாயிரம் மஸ்அலாக்களை (ஆய்வுக்குரிய விஷயங்களை) எடுக்கலாம் என்று முன்னுரையிலேயே எழுதியவர் அவர். புதியவருக்கு அது வாசல் அல்ல.

நான் பரிந்துரைக்கும் வழி வேறு. ஒரே ஒரு வசனத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அதை ஐந்து கிதாபுகளில் (நூல்களில்) பாருங்கள். ஒவ்வோரிடத்திலும் "இதன் பொருள் என்ன?" என்று கேட்பதற்கு முன்னால், "இதைச் சொல்வது யார், எதை வைத்துச் சொல்கிறார்?" என்று கேளுங்கள். இந்தப் பழக்கம் கைவந்துவிட்டால் எந்தத் தஃப்சீரும் மிரட்டாது. அது வராமல் முப்பது பாகம் படித்தாலும் கடைசியாகப் படித்தவர் சொன்னதுதான் மனதில் நிற்கும்.

மாதிரிக்கு இரண்டாவது சூராவான அல்பகராவின் 158ஆம் வசனத்தை எடுத்துக்கொள்வோம்.

"ஸஃபாவும் மர்வாவும் அல்லாஹ்வின் அடையாளச் சின்னங்களில் உள்ளவை. எனவே இந்த ஆலயத்தில் ஹஜ்ஜோ உம்ராவோ செய்பவர், அவ்விரண்டுக்கும் இடையே சுற்றிவருவதில் அவர்மீது குற்றமில்லை. எவர் தாமாக விரும்பி நன்மை செய்கிறாரோ, அல்லாஹ் நன்றி பாராட்டுபவன், நன்கறிந்தவன்."

முதலில் கேள்வியை எழுதுங்கள்

கிதாபைத் திறப்பதற்கு முன் வசனத்தை மூன்று நான்கு முறை ஓதுங்கள். முன்னும் பின்னும் பத்துப் பதினைந்து வசனங்களைப் படியுங்கள். இந்த இடத்துக்குச் சற்று முன்னால் கிப்லா (தொழும் திசை) மாற்றம் வருகிறது. அதையடுத்து பொறுமை, சோதனை, இழப்பு பற்றிய வசனங்கள். அங்கிருந்து திடீரென ஸஃபா, மர்வா. இந்தத் தாவல் ஏன் என்பது ஒரு கேள்வி. குறித்துக்கொள்ளுங்கள்.

இன்னொரு கேள்வி வசனத்துக்குள்ளேயே இருக்கிறது. ஹஜ்ஜுக்குப் போனவர் யாரும் ஸஃபா, மர்வாக் குன்றுகளுக்கிடையே ஓடும் தொங்கோட்டத்தை விடுவதில்லை. வசனமோ "குற்றமில்லை" என்றுதான் சொல்கிறது. செய்தால் குற்றமில்லை என்றால், செய்யாவிட்டாலும் குற்றமில்லையா?

இது இன்றைய இணையவாசியின் குறும்புக் கேள்வி என்று நினைக்க வேண்டாம். முதல் தலைமுறையை அடுத்து வந்தவர்களில் மிகப் பெரிய அறிஞர் ஒருவர் கேட்ட கேள்வி இது. தன் கேள்வியைத் தானே எழுதிவைத்துவிட்டு நூலுக்குள் போகிறவருக்கு மட்டுமே, பழைய அறிஞர்கள் தனக்கு முன்பே அதைக் கேட்டுவிட்டார்கள் என்பது தெரியவரும்.

குர்ஆன், பிறகு நபிமொழி, பிறகு ஸஹாபாக்கள்

குர்ஆனை முதலில் குர்ஆனைக் கொண்டே விளக்க வேண்டும். அங்கே கிடைக்காவிட்டால் நபியவர்களின் சுன்னா (வழிமுறை), அதற்குப் பிறகு ஸஹாபாக்களின் (நபித்தோழர்களின்) கூற்று, அதற்கும் பிறகு தாபியீன்களின் (அவர்களை அடுத்த தலைமுறையினரின்) கூற்று. இந்த வரிசையைச் சுருக்கமாக எழுதிவைத்தவர் இப்னு தைமிய்யா (இறப்பு ஹிஜ்ரி 728). அவருடைய மாணவர் இப்னு கஸீர் தம் தஃப்சீரின் முன்னுரையில் அதை ஏறத்தாழ அப்படியே எடுத்தாள்கிறார்.

முதல் இரண்டு படிகளும் எப்படி இணைகின்றன என்பதற்குப் புகாரீயின் ஹதீஸ் (நபிமொழி) தொகுப்பில் உள்ள ஒரு செய்தி போதும். "ஈமான் கொண்டு, தம் ஈமானில் அநீதியைக் கலக்காதவர்களுக்கே அச்சமற்ற நிலை" என்ற பொருளில் ஆறாம் சூராவின் 82ஆம் வசனம் (6:82) இறங்கியபோது ஸஹாபாக்கள் கலங்கிப்போனார்கள். எங்களில் தனக்குத்தானே அநீதி செய்துகொள்ளாதவர் யார் என்று கேட்டார்கள். "நீங்கள் நினைப்பதுபோல் அல்ல" என்று சொன்ன நபி (ஸல்) அவர்கள், லுக்மான் தம் மகனுக்குச் சொன்னதை நினைவூட்டினார்கள்: "இணைவைத்தல் மாபெரும் அநீதி" (31:13). ஒரு வசனத்தைத் திறக்க இன்னொரு வசனத்தைச் சாவியாகக் கொடுத்தவர் நபியவர்களே.

நம் வசனத்துக்கு வருவோம். கேள்வி கேட்டவர் உர்வா பின் ஸுபைர். ஆயிஷா (ரலி) அவர்களின் அக்கா அஸ்மா (ரலி) அவர்களின் மகன். "ஸஃபா, மர்வாவைச் சுற்றாமல் விட்டவர்மீது குற்றம் எதுவும் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லையே" என்று சின்னம்மாவிடமே கேட்டார். ஆயிஷா (ரலி) விடவில்லை. "என் அக்கா மகனே, நீ சொன்னது சரியில்லை. நீ சொல்வதுபோல இருந்தால் 'சுற்றாமல் இருப்பதில் குற்றமில்லை' என்றல்லவா வசனம் இருந்திருக்கும்?" என்றார்கள். பிறகு பின்னணியைச் சொன்னார்கள். மதீனாவின் அன்ஸாரிகள் இஸ்லாத்துக்கு முன்பு முஷல்லல் என்ற இடத்தில் இருந்த மனாத் சிலைக்காக இஹ்ராம் கட்டுவார்கள் (புனிதப் பயணத்துக்கான நிலையை மேற்கொள்வார்கள்). அப்படிக் கட்டியவர்கள் ஸஃபா, மர்வாவுக்கிடையே சுற்றுவதைத் தவறாகக் கருதினார்கள். முஸ்லிமான பிறகு அந்தத் தயக்கத்தோடு நபியவர்களிடம் கேட்டபோது வசனம் இறங்கியது. அவ்விரண்டுக்குமிடையே சுற்றுவதை நபி (ஸல்) வழிமுறையாக ஆக்கிவிட்டார்கள், அதை விட எவருக்கும் உரிமையில்லை என்று முடித்தார்கள்.

இந்தப் பதிலில் இரண்டு தனித்தனி ஆதாரங்கள் இருப்பதைக் கவனியுங்கள். முதலாவது மொழி: சொல் எப்படி இருக்கிறது, எப்படி இருந்திருக்க வேண்டும். இரண்டாவது நிகழ்வு: யாருடைய தயக்கத்துக்குப் பதிலாக வசனம் வந்தது. தஃப்சீர் கலையின் பெரும்பகுதி இந்த இரண்டுக்கும் இடையில்தான் நடக்கிறது.

அதே ஹதீஸ் இன்னும் கொஞ்சம் நீள்கிறது. புதியவர்கள் வழக்கமாகத் தவறவிடும் பகுதி அது. உர்வாவிடம் கேட்டதை அவருடைய மாணவர் ஸுஹ்ரீ மதீனாவின் இன்னோர் அறிஞரான அபூபக்ர் பின் அப்திர் ரஹ்மானிடம் சொல்கிறார். அவரோ, நான் வேறு காரணம் கேள்விப்பட்டிருக்கிறேன் என்கிறார். முன்பு ஸஃபா, மர்வாவைச் சுற்றிக்கொண்டிருந்தவர்களே, கஅபாவைச் சுற்றுவதைக் குர்ஆன் சொல்லி ஸஃபாவைச் சொல்லாதபோது தயங்கிக் கேட்டார்கள் என்பது அவர் கேட்ட செய்தி. இரு சாராருக்காகவும் இந்த வசனம் இறங்கியிருக்கிறது என்றே நினைக்கிறேன் என்கிறார். ஒரு வசனத்துக்கு இரண்டு பின்னணிகள் காணப்பட்டால் உடனே ஒன்று பொய் என்று முடிவுகட்ட வேண்டாம். வாஹிதீ (இறப்பு ஹிஜ்ரி 468) போன்றவர்கள் இறங்கிய பின்னணிகளுக்கென்றே தனி நூல் எழுதியிருக்கிறார்கள். அவற்றைப் பார்க்கும்போது இது நினைவிருக்கட்டும்.

இனி கிதாபுகள்: ஜலாலைனில் தொடங்குங்கள்

தமிழ்நாட்டு அரபிக் கல்லூரிகளில் ஓதப்படும் தஃப்சீர் ஜலாலைன். அரபி கொஞ்சமாவது தெரிந்தவர்களுக்கு இதைவிட நல்ல முதல் நூல் இல்லை. இரண்டு ஜலாலுத்தீன்கள் எழுதியது. ஜலாலுத்தீன் மஹல்லீ பின்பாதியை, அதாவது அல்கஹ்ஃபிலிருந்து கடைசி வரை எழுதி, ஃபாத்திஹாவையும் முடித்துவிட்டு ஹிஜ்ரி 864இல் (கி.பி. 1459) இறந்துபோனார். மீதியை அல்பகராவிலிருந்து அல்இஸ்ரா வரை எழுதி முடித்தவர் ஜலாலுத்தீன் சுயூத்தீ. அப்போது அவருக்கு வயது இருபத்திரண்டுகூட நிரம்பவில்லை. மூஸா நபிக்குக் குறிக்கப்பட்ட தவணை அளவில், அதாவது நாற்பது நாளில், முடித்ததாக அவரே எழுதியிருக்கிறார். பல பதிப்புகளில் ஃபாத்திஹாவின் விளக்கம் நூலின் கடைசியில் இருக்கும். மஹல்லீயின் பகுதியோடு சேரட்டும் என்று அப்படி வைத்தார்கள். முதல் பக்கத்தில் தேடிவிட்டு அச்சுப்பிழை என்று நினைக்க வேண்டாம்.

நம் வசனத்துக்கு ஜலாலைன் தருவது சில வரிகள்தான். ஸஃபாவும் மர்வாவும் மக்காவிலுள்ள இரண்டு மலைகள். சுற்றுவது என்றால் ஏழு முறை ஓடுவது. ஜாஹிலிய்யா (இஸ்லாத்துக்கு முந்தைய கால) மக்கள் அங்கே சுற்றியதாலும், மேலே இருந்த இரு சிலைகளைத் தொட்டு வணங்கியதாலும் முஸ்லிம்கள் வெறுத்தபோது வசனம் இறங்கியது. அது கட்டாயக் கடமை அல்ல என்பது நபித்தோழர் இப்னு அப்பாஸ் வழிச் செய்தி. ஷாஃபியீயும் மற்றவர்களும் ருக்ன் (விட்டால் ஹஜ்ஜே நிறைவேறாத அடிப்படைக் கூறு) என்கிறார்கள். அதற்கு இன்னின்ன ஹதீஸ்கள். அவ்வளவுதான். ஆனால் உங்கள் கேள்விக்குப் பதில்கள் ஒன்றுக்கு மேற்பட்டவை என்ற செய்தி இங்கேயே கிடைத்துவிட்டது. பின்னணியும் ஆயிஷா (ரலி) சொன்னதல்ல, வேறொன்று. இரண்டையும் குறித்துக்கொண்டு அடுத்த நூலுக்குப் போங்கள்.

இப்னு கஸீர்

அரபி தெரியாதவர்கள் இங்கிருந்து தொடங்கலாம். டமாஸ்கஸில் ஹிஜ்ரி 774இல் (கி.பி. 1373) இறந்த இப்னு கஸீரின் தஃப்சீர் தமிழில் பல பாகங்களாக வந்திருக்கிறது. வாங்குவதற்கு முன் ஒன்றைப் பாருங்கள்: முழு நூலின் மொழிபெயர்ப்பா, சுருக்கத்தின் மொழிபெயர்ப்பா? சுருக்கங்களில் அறிவிப்பாளர் வரிசைகளும், பலவீனம் என்று அவரே சொல்லி மறுக்கும் செய்திகளும் போய்விடும். அவர் எதை, ஏன் தள்ளினார் என்பதைப் பார்ப்பதுதான் பாதிப் பாடம்.

158ஆம் வசனத்தில் அவர் தொடங்குவதே உர்வா, ஆயிஷா உரையாடலில்தான். பிறகு ஸஃபாமீது இஸாஃப், மர்வாமீது நாயிலா என்ற சிலைகள் இருந்த செய்தி. அதன் பிறகு சட்டம்: ருக்ன் என்பவர்கள், வாஜிப் (விட்டால் பலியால் ஈடுசெய்யப்படும் கடமை) என்பவர்கள், விரும்பத்தக்கது என்பவர்கள். கடைசியில் தண்ணீர் தேடி இந்த இரு குன்றுகளுக்கிடையே ஓடிய ஹாஜரா அம்மையாரின் வரலாறு. நூலை ஓட்டமாகப் படிக்காமல் ஓரத்தில் அடையாளமிடுங்கள்: எது நபியின் சொல், எது ஸஹாபியின் சொல், எது தாபியீயின் சொல், எது இப்னு கஸீரின் சொந்தச் சொல். ஒரு பக்கத்தை இப்படிப் பிரித்துப் பார்த்தால், அதில் ஆசிரியரின் சொந்தச் சொல் எவ்வளவு குறைவு என்பது தெரியும்.

தபரீ: பொறுமை வேண்டிய இடம்

மூன்றாவதாக எல்லோருக்கும் மூத்தவர். தபரிஸ்தானின் ஆமுலில் பிறந்து ஹிஜ்ரி 310இல் (கி.பி. 923) பக்தாதில் இறந்த அபூஜஅஃபர் தபரீ. பின்னால் வந்த எவரும் இவரைத் தொடாமல் எழுதவில்லை. படிக்கத் தொடங்குகிறவர்களை மிரட்டுவது இவருடைய அறிவிப்பாளர் வரிசைகள். "எனக்கு இன்னார் அறிவித்தார், அவருக்கு இன்னார்" என்று பெயர்கள் நீண்டுகொண்டே போகும்.

ஒரு சுலபமான வழி. முதல் வாசிப்பில் வரிசையின் கடைசிப் பெயரை மட்டும் பாருங்கள். இப்னு அப்பாஸ், முஜாஹித், கதாதா, ளஹ்ஹாக், சுத்தீ என்று ஒரு சில பெயர்களே திரும்பத் திரும்ப வரும். கருத்து அவர்களுடையது; மற்றவர்கள் அதைக் கொண்டுவந்து சேர்த்தவர்கள். முஜாஹித் சாதாரணமானவர் அல்ல. ஆரம்பம் முதல் கடைசி வரை குர்ஆனை மூன்று முறை இப்னு அப்பாஸிடம் ஓதிக்காட்டி, ஒவ்வொரு வசனத்திலும் நிறுத்திக் கேட்டதாகச் சொன்னவர்.

தபரீயின் நடைக்கு ஒரு ஒழுங்கு உண்டு. வசனத்தைச் சொல்லி, தன் சொற்களில் பொருள் சொல்வார். பிறகு "இதில் அறிஞர்கள் வேறுபட்டார்கள்" என்று ஒவ்வொரு கருத்தையும், "இப்படிச் சொன்னவர்கள்" என்ற தலைப்பில் அதற்கான அறிவிப்புகளையும் அடுக்குவார். கடைசியில் "எங்களிடம் சரியான கருத்து" என்று தன் தீர்ப்பைக் கூறிக் காரணத்தையும் சொல்வார். அவசரத்தில் இருப்பவர்கள் நடுவில் உள்ள ஓர் அறிவிப்பை வெட்டியெடுத்து "தபரீ சொல்கிறார்" என்று பகிர்ந்துவிடுகிறார்கள். அது பெரும்பாலும் தபரீ மறுப்பதற்காக எடுத்துவைத்த கருத்தாக இருக்கும். இது இன்று நடக்கும் விவாதங்களில் மிக மலிவான தவறு. தீர்ப்பு வரும்வரை மேற்கோள் காட்டாதீர்கள்.

நம் வசனத்தில் இவர் செய்வதைப் பாருங்கள். தொங்கோட்டத்தை விட்டவர் திரும்பிப் போய்த்தான் செய்ய வேண்டும் என்பவர்கள் ஒரு சாரார். பலி கொடுத்தால் போதும் என்பவர்கள் இன்னொரு சாரார்; இங்கே சுஃப்யான் ஸவ்ரீ, அபூஹனீஃபா, அவருடைய இரு மாணவர்கள். அது உபரிதான் என்பவர்கள் மூன்றாம் சாரார். இந்த மூன்றாம் சாராரின் ஆதாரம் ஆச்சரியமானது. இப்னு மஸ்ஊத் (ரலி) அவர்களின் முஸ்ஹஃபில் (குர்ஆன் பிரதியில்) "சுற்றாமல் இருப்பதில் குற்றமில்லை" என்று இருந்ததாக ஓர் அறிவிப்பு. ஆயிஷா (ரலி) "அப்படியல்லவா இருந்திருக்கும்" என்று சொன்ன அதே வாசகம்! தபரீ அதை ஒளிக்கவில்லை, எடுத்துவைக்கிறார். பிறகு முஸ்லிம்களின் முஸ்ஹஃபுகளில் உள்ள எழுத்துக்கு மாறானது என்று சொல்லி அதை ஏற்க மறுக்கிறார். "தாமாக விரும்பி" என்பதற்கும், கடமையான ஹஜ்ஜை முடித்த பிறகு உபரியாக ஹஜ்ஜோ உம்ராவோ செய்பவர் என்றே பொருள் சொல்கிறார். அவருடைய தீர்ப்பு: கட்டாயம், விட்டவர் திரும்ப வந்து செய்தே ஆக வேண்டும்.

ஸமக்ஷரீயும் ராஸீயும்

குவாரிஸ்மைச் சேர்ந்த ஸமக்ஷரீ (இறப்பு ஹிஜ்ரி 538) அரபு மொழியின் நுட்பத்தில் இணையற்றவர். அவருடைய தஃப்சீரான கஷ்ஷாஃபின் நடை கேள்வியும் பதிலுமானது: "நீ இப்படிக் கேட்டால், நான் இப்படிச் சொல்வேன்." நம் வசனத்திலும் அப்படித்தான். அல்லாஹ்வின் சின்னங்கள் என்று சொல்லிவிட்டு, பிறகு குற்றமில்லை என்றது எப்படி என்று கேட்டால்? ஸஃபாமீது இஸாஃப், மர்வாமீது நாயிலா இருந்தன என்று தொடங்குகிறார். கஅபாவுக்குள் தவறு செய்த ஓர் ஆணும் பெண்ணும் கல்லாக மாறியவை அவை என்பதை "அறிவிக்கப்படுகிறது" என்ற சொல்லோடு சேர்க்கிறார். அந்தச் சொல்லைக் கண்டால் வேகத்தைக் குறையுங்கள். ஆசிரியர் பொறுப்பைத் தன் தோளிலிருந்து இறக்கிவைக்கிறார் என்று அர்த்தம்.

ஸமக்ஷரீ கொள்கையில் முஃதஸிலீ, அதாவது முஃதஸிலா என்ற இறையியல் பிரிவைச் சேர்ந்தவர். மறுமையில் இறைவனைக் காண முடியாது என்பது அவர்கள் நிலைப்பாடு. அதை அவர் வெளிப்படையாக எழுதுவதைவிட நைசாக உள்ளே வைப்பது அதிகம். "நரகிலிருந்து விலக்கப்பட்டு சொர்க்கத்தில் நுழைவிக்கப்பட்டவர் வெற்றிபெற்றார்" என்ற 3:185க்கு, சொர்க்கத்தில் நுழைவதைவிடப் பெரிய வெற்றி எது என்று எழுதிவிட்டுப் போகிறார். படிப்பவர் தலையாட்டுவார். அந்த ஒரு வரியில் இறைத்தரிசனம் மறுக்கப்பட்டிருக்கிறது என்று சுட்டிக்காட்டியவர் பிற்கால அறிஞர் புல்கீனீ. கஷ்ஷாஃபிலிருந்து முஃதஸிலாக் கருத்தைச் சாமணம் கொண்டு பிடுங்கியெடுத்தேன் என்றார் அவர். ஆனாலும் சுன்னத் ஜமாஅத் அறிஞர்கள் கஷ்ஷாஃபைத் தூக்கியெறியவில்லை. மறுப்பை ஓரத்தில் அச்சிட்டுக்கொண்டு பாடம் நடத்தினார்கள். எனக்கு இந்த மரபில் மிகவும் பிடித்த விஷயம் இதுதான்.

ராஸீயிடம் (இறப்பு ஹிஜ்ரி 606) உங்கள் முதல் கேள்விக்கு மட்டும் போங்கள்: பொறுமை பற்றிய வசனங்களுக்கும் ஸஃபாவுக்கும் என்ன தொடர்பு? அவர் பல காரணங்கள் சொல்கிறார். அவற்றில் ஒன்று, இந்த ஓட்டம் ஹாஜராவும் இஸ்மாயீலும் பட்ட சோதனையின் சுவடு என்பது. அதைப் படித்துவிட்டு மூடிவிடலாம். மற்றதெல்லாம் பிறகு. சட்டத்தை விரிவாகப் பார்க்க விரும்புகிறவர்களுக்கு குர்துபீ (இறப்பு ஹிஜ்ரி 671) இருக்கிறார். கொர்டோபாவிலிருந்து வந்து எகிப்தில் இறந்தவர். வசனத்தை மஸ்அலா மஸ்அலாவாகப் பிரித்துத் தருவதால் தேடுவது எளிது.

இப்போது குறிப்புகளை ஒப்பிடுங்கள்

ஐந்து நூல்களின் குறிப்புகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஓர் இடம் இடிக்கும். தொங்கோட்டம் பற்றி அபூஹனீஃபாவின் கருத்து என்ன? தபரீயில்: விட்டவர் பலி கொடுத்தால் போதும். ஸமக்ஷரீயில்: வாஜிப், ஆனால் ருக்ன் அல்ல, விட்டவர்மீது பலி உண்டு. இப்னு கஸீரில்: விரும்பத்தக்கது என்றவர்களின் பட்டியலில் அபூஹனீஃபாவின் பெயர்.

முதல் இரண்டும் ஒத்துப்போகின்றன. மூன்றாவது வேறு. இங்கே ஆசிரியர்களின் மத்ஹபை (சட்டப் பிரிவை) பாருங்கள். ஸமக்ஷரீ கொள்கையில் முஃதஸிலீ என்றாலும் சட்டத்தில் ஹனஃபீ, அதாவது அபூஹனீஃபாவின் மத்ஹபினர்; தன் வீட்டுச் செய்தியைச் சொல்கிறார். இப்னு கஸீர் ஷாஃபியீ. ஹனஃபீ ஃபிக்ஹு (சட்டவியல்) நூல்களைத் திறந்தால் அங்கே வாஜிப் என்றே இருக்கும். எனவே ஒரு மத்ஹபின் சட்டத்தை அந்த மத்ஹபின் ஃபிக்ஹு நூலில் உறுதிசெய்யாமல், எவ்வளவு பெரிய தஃப்சீரிலிருந்தும் எடுக்க வேண்டாம். ஹஜ்ஜுக்குப் போகிறவர் தஃப்சீரைப் பார்த்து ஃபத்வா எடுத்துக்கொள்ளவும் வேண்டாம். அதற்கு ஹஸ்ரத்துகள் (மார்க்க அறிஞர்கள்) இருக்கிறார்கள். அவர்களிடம் போகும்போது "தஃப்சீர் சொல்லித்தாருங்கள்" என்று பொத்தாம்பொதுவாகக் கேட்காமல், இந்த முரண்பாட்டைப்போல ஒரு குறிப்பிட்ட இடத்தைக் கொண்டுபோங்கள். பாடம் அங்கிருந்து தானாக விரியும்.

வேத நூலினரிடமிருந்து வந்த கதைகளை, அதாவது இஸ்ராயீலிய்யாத்தை, எப்படிக் கையாள்வது என்று பலர் கேட்பார்கள். இப்னு கஸீர் சொல்வது எளிமையானது: நம்மிடம் உள்ளது உண்மைப்படுத்துவது ஒரு வகை, பொய்ப்படுத்துவது ஒரு வகை, இரண்டுமில்லாமல் மௌனமாக இருப்பது ஒரு வகை. மூன்றாவதை நம்பவும் வேண்டாம், பொய்யென்று சொல்லவும் வேண்டாம்.

அடுத்து எந்த வசனங்கள்

இதே முறையில் 2:240ஐயும் 2:234ஐயும் சேர்த்துப் பாருங்கள். கணவனை இழந்தவருக்கு ஒன்றில் ஓராண்டு, மற்றதில் நான்கு மாதம் பத்து நாள். நஸ்க் எனப்படும் சட்ட மாற்றத்தின் பாடம் இங்கே கிடைக்கும். முன்னோர்கள் அந்தச் சொல்லை விரிவாகப் பயன்படுத்தினார்கள். சுயூத்தீ அந்தப் பட்டியலை இருபது அளவுக்குக் குறைத்தார். டெல்லியின் ஷா வலியுல்லாஹ் (1703–1762) ஐந்தாகக் குறைத்தார்.

பிறகு 2:228. மணவிலக்குச் செய்யப்பட்ட பெண் காத்திருக்க வேண்டிய மூன்று "குரூ", மாதவிடாயா, தூய்மைக் காலமா? ஹனஃபீகள் முதலாவதையும் ஷாஃபியீகள் இரண்டாவதையும் சொல்கிறார்கள். காயல்பட்டினமும் கீழக்கரையும் ஷாஃபியீ ஊர்கள். உள்நாட்டு ஊர்களில் ஹனஃபீ ஜமாஅத்துகள் ஏராளம். இரண்டு இடத்திலும் உறவினர் உள்ளவர்களுக்கு இது ஏட்டுச் சுரைக்காய் அல்ல.

3:7ஐக் கடைசியாக எடுங்கள். தெளிவான வசனங்கள், பலபொருள் கொண்ட வசனங்கள் என்ற பிரிவு வருவது அங்கேதான். அவற்றின் விளக்கத்தை "அல்லாஹ்வைத் தவிர யாரும் அறியமாட்டார்" என்று நிறுத்துவதா, "அறிவில் ஆழ்ந்தவர்களையும் தவிர" என்று சேர்த்து ஓதுவதா? தபரீ முதல் கட்சி. முஜாஹித் வழியாக வரும் அறிவிப்பு இரண்டாவதைச் சொல்கிறது. முதல் வாசிப்பில் தள்ளிவைத்த அறிவிப்பாளர் வரிசைகளை இந்த வசனத்தில் முழுதாகப் படித்துப் பாருங்கள்.